கூடாத எலும்பின் குறி

(பெண்ணாடத்தில் ஆற்றிய சொற்பொழிவு)



இவ்வூர் ரயில் நிலையத்தில் வண்டியேறி, விருத்தாசலம் விழுப்புரம் மார்க்கமாகச் சென்னை சேர்ந்து, அங்கே ஏதோ ஒரு கண்ணாடிக் கட்டடத்தின் மாடியில் கணிப்பொறியின் முன்னமர்ந்து, 'மெடிக்கல் கோடிங்' என்னும் உத்தியோகம் பார்க்கிற பிள்ளைகள் இந்தச் சுற்றுவட்டாரத்தில் பல வீடுகளில் இருக்கிறார்கள். விலங்கியலோ உயிர்வேதியியலோ செவிலியர் படிப்போ முடித்துவிட்டுப் போன அந்தப் பிள்ளைகள் என்ன வேலை செய்கிறார்கள் என்று வீட்டிலிருக்கும் பெரியவர்களைக் கேட்டால், "அமெரிக்கா ஆஸ்பத்திரிக்கு ஏதோ நம்பர் போடுகிறானாம்" என்பதற்கு மேல் விடை வருவதில்லை. அந்த விடையில் பிழை ஒன்றுமில்லை. ஆயினும் அந்த நம்பர் என்பது என்ன, அது ஏன் போடப்படுகிறது, அதனால் நோயாளிக்கு ஆவதென்ன என்பதைச் சற்று விஸ்தாரமாக இங்கே சொல்ல வேண்டுமென்று இக்கூட்டத்தை ஏற்பாடு செய்த அன்பர்கள் விரும்பினார்கள். வியாதிகளெல்லாவற்றுக்கும் உரிய குறிகளைச் சொல்லப் புகுந்தால் ஒரு மாமாங்கம் போதாது. ஆகையால் ஒரே ஒரு குறியை எடுத்துக்கொள்கிறேன். முழந்தாளுக்குக் கீழே கணைக்காலில் உள்ள பெரிய எலும்பு முறிந்து, மாதங்கள் பல கடந்தும் கூடாமல் நின்றுவிட்டால் அந்த நிலைக்கு இடுகின்ற குறி அது. கரும்பு டிராக்டரும் சிமெண்டு லாரியும் இரு சக்கர வாகனமும் ஒரே சாலையில் ஓடுகின்ற இந்தப் பிரதேசத்தில், காலில் ராடு வைத்துக்கொண்டு நடக்கும் ஒருவரையேனும் அறியாதவர் இச்சபையில் இருக்கமாட்டார் என்பதே இதைத் தேர்ந்ததற்குக் காரணம்.

முதலில் எலும்பின் சங்கதி. முறிந்த எலும்பு தானே கூடும் சுபாவமுடையது. மருத்துவர் செய்வதெல்லாம் முனைகளை நேராக்கி, அவை அசையாதபடி காத்துக் கொடுப்பதுதான். முறிந்த இடத்தில் முதலில் இரத்தம் கட்டுகிறது. அக்கட்டியினூடே புதிய இரத்தக் குழாய்கள் புகுகின்றன. பிறகு குருத்தெலும்பு போன்ற மிருதுவான பொருள் தோன்றி, நாளடைவில் அது சுண்ணச்சத்து ஏறி இறுகி, இறுதியில் பழைய எலும்பின் வடிவத்தைப் பெறுகிறது. இந்தக் கிரமத்தில் எந்தப் படியிலேனும் தடை நேர்ந்தால் எலும்பு கூடாமற் போகிறது. உடம்பிலுள்ள நீண்ட எலும்புகளுள் இந்தத் தடைக்கு அதிகமாக ஆளாவது கணைக்கால் எலும்பே. தொடையெலும்பைச் சுற்றிலும் சதை போர்த்தியிருக்கிறது. கணைக்கால் எலும்பின் முன்பக்கத்தையோ விரலால் தடவிப் பார்த்தால் தோலுக்கு அடியிலேயே எலும்பு தட்டுப்படும். அங்கே அடிபட்டால் தோல் கிழிந்து எலும்பு வெளியே எட்டிப் பார்ப்பது சகஜம். அதன் கீழ்ப்பகுதிக்கு இரத்த ஓட்டமும் சொற்பம். அழுக்கு புகுந்து சீழ் பிடித்தால், நீரிழிவு இருந்தால், புகைப்பழக்கம் இருந்தால், முனைகளுக்கிடையே இடைவெளி விழுந்திருந்தால், கட்டு தளர்ந்து எலும்பு ஆடிக்கொண்டிருந்தால், கூடாமை வந்து சேரக்கூடும். எலும்பு கூடாமல் அசைந்துகொண்டே இருந்த இடத்தில், புதிதாக ஒரு மூட்டு முளைத்ததுபோல் கால் மடங்குவதும் உண்டு. அதைப் பொய்மூட்டு என்பார்கள்.

எத்தனை நாள் கழிந்தால் 'கூடவில்லை' என்று தீர்ப்புச் சொல்லலாம்? அமெரிக்க நாட்டு உணவு, மருந்து ஆட்சியகம் வகுத்துள்ள இலக்கணப்படி, அடிபட்டு ஒன்பது மாதமாவது ஆகியிருக்க வேண்டும். அதிலும் கடைசி மூன்று மாதத்தில் எக்ஸ்ரேயில் யாதொரு முன்னேற்றமும் தென்படாதிருக்க வேண்டும். அனுபவமுள்ள சத்திர சிகிச்சை நிபுணர்கள் ஒன்பது மாதம் காத்திராமல், எலும்பே சிதறிப் போயிருக்கும் இடங்களில் முன்னதாகவே முடிவு செய்வார்கள். ஆகவே கூடாமை என்பது ஒரு நாளில் சம்பவிப்பதன்று; காலம் பார்த்து அறிவிக்கப்படுவது. குறியிடுவதிலுள்ள சிக்கலெல்லாம் இதிலிருந்தே பிறக்கிறது.

இனிக் குறியைப் பார்ப்போம். வலது கணைக்கால் எலும்பின் நடுத்தண்டு குறுக்காக முறிந்து, முனைகள் விலகி, தோல் கிழியாமலிருந்து, பின்னர் கூடாமற் போனால், அமெரிக்கர்கள் வழங்கும் குறி எஸ்82.221கே. ஒரு கடிதத்தின் விலாசத்தை ஜில்லாவிலிருந்து தொடங்கிக் கதவிலக்கம் வரையில் படிப்பதுபோல இதைப் படித்துக்கொண்டு போகலாம். எஸ் என்றால் காயங்களின் பகுதி. 82 என்றால் கணைக்கால் முறிவு. புள்ளிக்கு அடுத்த முதல் 2, பெரிய எலும்பின் நடுத்தண்டு. இரண்டாவது 2, குறுக்கு முறிவு. அது சாய்வு முறிவாயின் 3, திருகு முறிவாயின் 4, நொறுங்கியதாயின் 5 என்று எழுதியிருப்பார்கள். அதற்கடுத்த 1 என்பது முனை விலகிய முறிவு என்பதையும், கால் வலது கால் என்பதையும் சேர்த்துச் சொல்லுகிறது. கடைசியில் நிற்கும் கே என்ற ஓரெழுத்துத்தான் நமக்கு வேண்டிய இடம். புதிதாக அடிபட்டு வந்தவருக்கு அங்கே ஏ. நல்லபடியாகக் கூடிவருகிறது என்று மறுபடி காட்ட வந்தவருக்கு டி. தாமதமாகக் கூடுகிறது என்றால் ஜி. கூடவேயில்லை என்றால் கே. கோணலாகக் கூடிவிட்டது என்றால் பி (P). தோல் கிழிந்த முறிவாயின் இதே வரிசைக்கு வேறு எழுத்துக்கள் உண்டு. கூடாமைக்கு எம், என் என்று இரண்டு. காலின் இதர விவரங்கள் யாவும் மாறாதிருக்க, இந்தக் கடைசி எழுத்து ஒன்றே மாதந்தோறும் மாறி வருவதால், ஒரு நோயாளியின் சீட்டுகளை அடுக்கி வைத்து அந்த எழுத்துக்களை மட்டும் வரிசையாகப் படித்தால், ஏ, டி, டி, ஜி, ஜி, கே என்று அவர் பட்ட பாடு முழுவதும் அதிலே தெரியும். ஒரு கணக்கு முறை சரித்திரமும் சொல்லக்கூடும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணத்தை நான் கண்டதில்லை.

இந்த ஏற்பாடு எங்கிருந்து வந்தது? மனிதர் எதனால் இறக்கிறார்கள் என்று எண்ணத் தொடங்கியதிலிருந்து வந்தது. இங்கிலாந்தில் வில்லியம் பார் என்பவர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் மரண காரணங்களை வகைப்படுத்தப் பெரும் பாடுபட்டார். 1893-இல் சிகாகோ நகரில் கூடிய சர்வதேசப் புள்ளியியல் சங்கத்தில் பிரான்சு தேசத்து ஜாக் பெர்த்திலோன் சமர்ப்பித்த பட்டியல் ஏற்கப்பட்டது. அப்பட்டியல் பலமுறை திருத்தப்பட்டு வந்தபோதும் மரண காரணங்களின் பட்டியலாகவே இருந்துவந்தது. 1948-இல் உலக சுகாதார ஸ்தாபனம் பொறுப்பேற்று ஆறாவது திருத்தத்தை வெளியிட்ட காலத்தில்தான், உயிரோடிருக்கும் மனிதரின் நோய்களுக்கும் அதில் முறையான இடம் கிடைத்தது. கூடாத எலும்பு யாரையும் கொல்வதில்லை. ஒருவனை வயலிலிருந்தும் பட்டறையிலிருந்தும் வெளியேற்றித் திண்ணையில் உட்கார வைத்துவிட்டு அத்துடன் நின்றுவிடுகிறது. மரணத்தை மட்டும் எண்ணிய பட்டியலில் அவனுக்கு இடமில்லாமற் போனது ஆச்சரியமன்று.

பத்தாவது திருத்தம் 1990-இல் உலக சுகாதாரப் பேரவையின் சம்மதம் பெற்றது. இந்தியாவில் மருத்துவமனைகளின் ஆவணப் பிரிவுகளில் வழங்குவது அதுவே. அதில் கூடாத முறிவுக்கு உரிய குறி எம்84.1. எலும்பு முறிந்த அன்று நோயாளி எஸ் என்ற காயப் பகுதியில் இருந்தார். கூடவில்லை என்று அறிவிக்கப்பட்ட அன்று அங்கிருந்து பெயர்க்கப்பட்டு, மூட்டுவாதமும் முதுகுவலியும் இருக்கின்ற எம் என்ற பகுதிக்குப் போய்ச் சேருகிறார். விருப்பமிருந்தால் இடத்தைக் காட்ட இன்னும் ஓர் இலக்கம் சேர்க்கலாம். 6 என்று சேர்த்தால் கணைக்கால் என்று பொருள். வலமா இடமா என்பது தெரியாது. பெரிய எலும்பா சின்ன எலும்பா என்பதும் தெரியாது. முழங்கால் மூட்டையும் அந்த 6-க்குள்ளேயே அடக்கியிருக்கிறார்கள். அடிபட்டவர் என்ற செய்தி, வேறொரு குறியைத் தனியே எழுதினாலன்றி, அந்த இடத்திலேயே மறைந்துவிடுகிறது.

அமெரிக்கர்களும் நெடுங்காலம் இப்படித்தான் இருந்தார்கள். ஒன்பதாவது திருத்தத்தைத் தழுவி அவர்கள் வைத்திருந்த முறையில், உடம்பில் எந்த எலும்பு கூடாவிட்டாலும் 733.82 என்ற ஒரே எண். 2015 அக்டோபர் முதல் தேதியன்று அவர்கள் பத்தாவது திருத்தத்தைத் தமக்கேற்ப விரித்து அமல்படுத்தியபோது, கூடாமையைக் காயப் பகுதியிலேயே நிறுத்தி, கே என்ற எழுத்தை ஒட்டிவிட்டார்கள். பணம் கொடுக்கும் காப்பீட்டுக் கம்பெனி, எந்தக் காலுக்கு எதற்காகக் கொடுக்கிறோம் என்று கேட்டதால் நேர்ந்த நுணுக்கமாகவே இது எனக்குத் தோன்றுகிறது. தர்மசிந்தனையால் நேர்ந்ததென்று நான் சொல்லமாட்டேன். ஆனால் காரணம் எதுவாயினும், முறிந்த கதையும் கூடாத கதையும் ஒரே குறியில் அடங்கி நிற்பது அம்முறையில்தான் என்பதை ஒப்புக்கொள்ளவே வேண்டும்.

இப்பொழுது சென்னையில் இருக்கும் உங்கள் பிள்ளையிடம் வருவோம். அவர் முன்னால் ஓர் அமெரிக்க மருத்துவரின் குறிப்பு இருக்கிறது. "அடிபட்டு ஐந்து மாதமாகிறது, எலும்பு இன்னும் கூடவில்லை, அடுத்த மாதம் வரவும்" என்று அதில் கண்டிருக்கிறது. கே போடலாமா? கூடாது. 'இன்னும் கூடவில்லை' என்று மருத்துவர் பேச்சுவாக்கில் எழுதியதும், 'கூடாமை' என்று நோய் நிர்ணயம் செய்து எழுதியதும் ஒன்றல்ல. ஒருவேளை அவர் மனத்தில் இருந்தது தாமதம் என்ற ஜி-யாக இருக்கலாம். நல்லபடியாகக் கூடிவரும் டி-யாகவே கூட இருக்கலாம். எக்ஸ்ரே படம் கணிப்பொறியில் இருக்கத்தான் இருக்கிறது. அதைத் திறந்து பார்த்து இடைவெளி இருப்பதைக் கண்டுகொள்ளும் திறமையும் நம் பிள்ளைக்கு இருக்கலாம். ஆனால் அதைக்கொண்டு முடிவு செய்யும் அதிகாரம் அவருக்கில்லை. மருத்துவருக்கு ஒரு வினா எழுதி அனுப்பி, அவர் கைப்பட விடை வந்த பின்னரே எழுத்தைப் போட வேண்டும். அளவைகள் மூன்று, காண்டல், கருதல், உரை என்று சைவ சித்தாந்தம் கற்றோர் சொல்லுவார்கள். மெய்கண்டார் அவதரித்த இவ்வூரில் அதை நான் விளக்கப் புகுவது மிகை. மருத்துவருக்கு மூன்றும் உண்டு. குறியிடுவோருக்கோ காண்டலும் விலக்கு, கருதலும் விலக்கு. உரை ஒன்றே பிரமாணம்.

உரை மௌனமாக இருக்கும் இடத்துக்கும் அவர்கள் விதி செய்து வைத்திருக்கிறார்கள். தோல் கிழிந்ததா இல்லையா என்று மருத்துவர் எழுதாமல் விட்டால், கிழியாத முறிவு என்றே கொள்ள வேண்டும். முனை விலகியதா இல்லையா என்று எழுதாமல் விட்டால், விலகியதென்றே கொள்ள வேண்டும். கவனியுங்கள்: ஒன்றில் இலேசான பக்கத்துக்கும் மற்றொன்றில் கனமான பக்கத்துக்கும் சாய்ந்திருக்கிறார்கள். மருத்துவரின் மறதி இவ்வாறு உண்மையைப்போல வேஷம் போட்டுக்கொண்டு கணக்கில் ஏறிவிடுகிறது. சீழ் பிடிக்கும் அபாயம் தோல் கிழிந்த முறிவிலேயே அதிகமாக இருக்க, அவ்விஷயத்தில் மறதிக்கு இலேசான பக்கத்தைக் கொடுத்தது எனக்குச் சரியாகப் படவில்லை.

தோல் கிழிந்த முறிவுகளை அமெரிக்கக் குறியில் மேலும் பிரிப்பதற்கு ஆதாரமாக நிற்பது கஸ்டிலோ, ஆண்டர்சன் என்ற இருவர் 1976-இல் வெளியிட்ட பாகுபாடு. ஆயிரத்து இருபத்தைந்து முறிவுகளை ஆராய்ந்து, அவர்கள் மூன்று தரம் வகுத்தார்கள். 1984-இல் கஸ்டிலோவும் வேறு சகாக்களும் மூன்றாம் தரத்தை மேலும் மூன்றாகப் பிரித்தார்கள். அந்தப் பிரிவு போதாதென்று கண்டவர்கள் நம் கோயம்புத்தூரில் இருந்தார்கள். கங்கா மருத்துவமனையில் டாக்டர் எஸ். இராஜசேகரனும் அவரைச் சார்ந்தவர்களும், மூன்றாம் தரத்தின் நடுப்பிரிவு ஒன்றிலேயே எளிதில் காப்பாற்றக்கூடிய காலும் வெட்டி எடுக்க வேண்டிய காலும் கலந்து கிடக்கின்றன என்று கண்டு, தோலுக்கு ஐந்து, எலும்புக்கு ஐந்து, தசை தசைநார் நரம்புக்கு ஐந்து, நோயாளியின் பொது நிலையைக் காட்டும் ஏழு விஷயங்களுக்கு இவ்விரண்டு என்று மதிப்பெண் வகுத்து, 2006-இல் பிரசுரித்தார்கள். மொத்தம் 29. பதினான்கும் அதற்குக் கீழும் என்றால் காலைக் காப்பாற்றலாம். பதினேழும் மேலும் என்றால் எடுத்துவிடுவதே உயிருக்கு நன்மை. பதினைந்தும் பதினாறும் வந்தால் மருத்துவரின் அனுபவமே துணை. மில்லிலும் சாலையிலும் நசுங்கிய தமிழ்நாட்டுக் கால்களைப் பார்த்துப் பார்த்து உருவான அளவுகோல் இது. ஆனால் சென்னையிலிருக்கும் நம் பிள்ளை இடுகின்ற குறியில் கஸ்டிலோவுக்கு எழுத்து உண்டு, கோயம்புத்தூருக்கு இல்லை.

நம் ஊர்க் காலுக்கு என்ன நடக்கிறது? மஞ்சள் பையில் எக்ஸ்ரே படங்களைச் சுருட்டி வைத்துக்கொண்டு ஒருவர் வருகிறார். முதலில் நாட்டுக்கட்டு, முட்டை வெண்கருவும் உளுந்து மாவும் மூங்கில் பத்தையும் வைத்துக் கட்டியது. கிழியாத, விலகாத முறிவுக்கு அக்கட்டு பலன் தந்ததுண்டு. அதை நான் இகழவில்லை. வீக்கத்தின்மேல் இறுகக் கட்டி விரல் கறுத்துப் போனவர்களையும், விலகிய எலும்பின்மேல் அதைக் கட்டிக்கொண்டு மாதக்கணக்கில் காத்திருந்தவர்களையும் பார்த்தவன் என்பதால், அதன் எல்லையையும் சொல்ல வேண்டியிருக்கிறது. பிறகு விருத்தாசலம், பிறகு கடலூரோ புதுச்சேரி ஜிப்மரோ திருச்சியோ. அவரிடமிருக்கும் ஓ.பி. சீட்டுகளை விரித்துப் பார்த்தால், இரண்டு நெடுங்கோடும் இரண்டு குறுக்குக்கோடும் போட்ட அந்த முறிவுச் சின்னமும், 'போத் போன்ஸ் லெக்' என்ற மூன்று சொல்லும், மாத்திரையின் பெயரும் இருக்கும். எந்தக் கால் என்பது சிலவற்றில் இராது. அடிபட்ட தேதி பெரும்பாலானவற்றில் இராது. உள்நோயாளியாகச் சேர்ந்தால் ஆவணப் பிரிவில் ஒரு குறி ஏறும். வெளிநோயாளியாக ஒன்பது மாதம் அலைந்தவரின் அலைச்சல் எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை. புதிய ஆஸ்பத்திரியின் வாசலில் அவர் மறுபடி ஒரு புதிய முறிவாகவே நுழைகிறார்.

நம் அரசாங்கத்தின் உதவிகளை நான் குறைத்துப் பேசவில்லை. 2021 டிசம்பர் 18 அன்று மேல்மருவத்தூரில் தொடங்கிய 'இன்னுயிர் காப்போம், நம்மைக் காக்கும் 48' திட்டம், சாலை விபத்தில் சிக்கியவருக்கு முதல் நாற்பத்தெட்டு மணி நேரம் கட்டணமின்றிச் சிகிச்சை தருகிறது. தொடங்கியபோது எண்பத்தொரு சிகிச்சைகள், ஒரு லட்சம் ரூபாய் வரை. அதனால் பிழைத்த உயிர்கள் அநேகம். ஆனால் நாற்பத்தெட்டாவது மணி நேரத்தில் எந்த எலும்பும் கூடாமற் போனதாக அறிவிக்கப்படுவதில்லை. அதற்கப்பால் முதலமைச்சரின் காப்பீட்டு அட்டை இருக்கிறது. அதன் பட்டியலோ செய்யப்படும் சிகிச்சையின் பெயரால் அமைந்தது. இத்தனை பேருக்கு ராடு வைத்தோம் என்பதை அதிலிருந்து எடுத்துவிடலாம். வைத்த ராடுகளில் எத்தனைக்கு எலும்பு கூடியது என்ற கேள்விக்கு, சீட்டில் எழுதாத ஒன்றை எந்தக் கணிப்பொறியும் எடுத்துக் கொடுக்காது. அமெரிக்கக் கால்களின் கூடாமையை எழுத்துப் பிசகாமல் குறித்துக் கொடுக்கும் கை நம் பிள்ளைகளின் கை. அந்தக் கைக்கு நம் ஜில்லாவிலேயே செய்ய வேண்டிய வேலை இருக்கிறது என்பதே நான் இங்கே வற்புறுத்த வந்தது.

கூடாத எலும்புக்கு விமோசனம் உண்டா என்று தாய்மார்கள் பக்கமிருந்து குரல் வருகிறது. உண்டு. உயரத் தாண்டுதலில் 1963-இல் 2.28 மீட்டர் தாண்டி உலக சாதனை செய்து, 1964 டோக்கியோ ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற ருஷ்ய வீரர் வலேரி புருமெல், மறுவருஷம் மோட்டார் சைக்கிள் விபத்தில் கணைக்கால் முறிந்து, பல அறுவைகள் செய்தும் எலும்பு கூடாமல் ஊன்றுகோலோடு நின்றார். 1968-இல் சைபீரியாவிலுள்ள குர்கன் நகரில் இலிசரோவ் என்ற மருத்துவர், காலைச் சுற்றி வளையங்கள் மாட்டி, மெல்லிய கம்பிகளை எலும்பினூடே செலுத்தி இழுத்துக் கட்டும் தம்முடைய சாதனத்தால் அதைக் கூட்டுவித்தார். புருமெல் மீண்டும் இரண்டு மீட்டர் உயரத்தைத் தாண்டினார். அந்த வளையக் கருவி இன்று நம் நாட்டு ஆஸ்பத்திரிகளிலும் சர்வ சாதாரணம். இடுப்பெலும்பிலிருந்து சிறிது எடுத்து இடைவெளியில் வைப்பதும் பழைய, நம்பகமான முறை. விருத்தாசலத்துப் பீங்கான் சூளைகளை அறிந்தவர்களுக்கு ஒரு செய்தி: அந்த இடைவெளியை நிரப்புவதற்குப் பீங்கானும் உதவுகிறது. எலும்பில் இயற்கையாக உள்ள சுண்ணப் பாஸ்பேட்டையே செயற்கையாகத் தயாரித்து, ஆயிரம் பாகைக்கு மேற்பட்ட வெப்பத்தில் சுட்டு, துளைகளுள்ள கட்டியாக்கி வைக்கிறார்கள். திருவனந்தபுரத்து ஸ்ரீ சித்திரைத் திருநாள் நிலையத்தில் இத்தகைய பீங்கான்களைப் பற்றி நல்ல ஆராய்ச்சி நடந்திருக்கிறது.

ஓர் அன்பர் துண்டுச் சீட்டில் கேள்வி எழுதி அனுப்பியிருக்கிறார்: "காலில் வைத்த ராடு ஒன்றரை வருஷத்தில் உள்ளேயே உடைந்துவிட்டது. ராடு மட்டம் என்கிறார்கள். இதற்கு என்ன குறி?" ராடு மட்டமாக இருந்திருக்கலாம், ஆனால் அதை முதலில் சந்தேகிக்க வேண்டியதில்லை. எலும்பு கூடும் வரையில் பாரத்தைத் தாங்கும் தற்காலிகத் துணையே ராடு. எலும்பு கூடாமலிருந்தால், ஒவ்வோர் அடி வைக்கும்போதும் உலோகம் வளைந்து நிமிர்ந்து, களைத்து, என்றாவது ஒருநாள் முறிந்தே தீரும். ஆகவே இவருக்கு இரண்டு குறிகள் வேண்டும். உடைந்த ராடுக்கு டி84 (T84) என்ற பிரிவிலிருந்து ஒன்று. கூடாத எலும்புக்கு, கே என்று முடியும் மற்றொன்று. முதலாவதை மட்டும் எழுதினால், பழைய ராடை எடுத்துப் புதிய ராடு வைத்து அனுப்பியதோடு கணக்கு முடிந்துவிடும். எலும்பு ஏன் கூடவில்லை என்று யாரும் தேடமாட்டார்கள். அன்பர் அடுத்த முறை மருத்துவரிடம் போகும்போது, அடிபட்ட தேதி, எந்தக் கால், அன்று தோல் கிழிந்திருந்ததா, ராடு வைத்த தேதி, உடைந்தது தெரிந்த தேதி, இவ்வளவையும் ஒரு தாளில் எழுதி எடுத்துப் போகட்டும். எலும்பு கூடியதா இல்லையா என்பதைச் சீட்டில் எழுதித் தரும்படி கேட்டு வாங்கிக்கொள்ளட்டும்.